கருப்பு வெள்ளை மல்லாட்டை

முதலில் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். என் கையெழுத்து கோழி கிளறிப் போட்ட மாதிரி இருக்கும். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். சின்ன ‘ர’ எங்கே வரும், பெரிய ‘ற’ எங்கே வரும் என்பதில் இன்றைக்கும் எனக்குத் தகராறுதான். மகள் திருத்தித் தருகிறேன் என்றாள், வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். நாலு பேர் இருக்கிற இடத்தில் வாய் திறக்கவே கூச்சப்படுகிறவன் நான். ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்து திருத்த ஆரம்பித்தால் அப்புறம் ஒரு வரிகூட வராது. பிழை இருந்தால் பொறுத்துக்கொண்டு படியுங்கள்.

டிவி கேம் கேசட்டை வாயருகே பிடித்து ஊதினால் உதட்டில் ஒரு வாசனை ஒட்டிக்கொள்ளும். துருவும் தூசியும் சூடான பிளாஸ்டிக்கும் கலந்த வாசனை அது. நாக்கால் உதட்டைத் தடவினால் பேட்டரியை நக்கியது போல லேசாகச் சுருக்கென்று இருக்கும். ஊதினால்தான் கேசட்டு ‘எடுக்கும்’ என்பது விழுப்புரத்தில் எங்கள் தெருவில் இருந்த பிள்ளைகள் எல்லோருடைய நம்பிக்கை. இப்போது கண்ணை மூடி அந்த வாசனையை நினைத்தால், கூடவே ஈரச் சாக்கு வாசனையும் வருகிறது. அது என் அப்பாவின் வாசனை.

அப்பா விழுப்புரத்தில் ஒரு மல்லாட்டை மண்டியில் மூட்டை தூக்கிக்கொண்டிருந்தார். நிலக்கடலையை எங்கள் பக்கத்தில் மல்லாட்டை என்றுதான் சொல்வோம். விடிவதற்கு முன்னால் கொக்கியை இடுப்பில் செருகிக்கொண்டு போனால் விளக்கு வைத்த பிறகுதான் வருவார். வந்ததும் குளிப்பார், சாப்பிடுவார், படுப்பார். அவருக்குக் கோபம் கிடையாது, குடியும் கிடையாது, பேச்சும் கிடையாது. நான் அவருக்கு ஒரே பிள்ளை. ஆனாலும் என்னிடம் என்ன பேசுவது என்று அவருக்குத் தெரியவில்லை, அவரிடம் என்ன கேட்பது என்று எனக்கும் தெரியவில்லை. கூச்சம் எனக்கு அவரிடமிருந்துதான் வந்திருக்க வேண்டும்.

1993-ஆம் வருஷம் மழை பிடித்துக்கொண்டது. வானம் மூடினால் மண்டிக்குச் சரக்கு வராது. நனைந்த மல்லாட்டையை யாரும் எடை போட மாட்டார்கள். அப்பா வீட்டில் இருந்தார். நான் அப்போது பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒரு டிபன் கடையில் தட்டு கழுவிக்கொண்டிருந்தேன். தெருவில் தண்ணீர் நின்றதால் அந்தக் கடையையும் மூடிவிட்டார்கள். ஒரே அறை வீட்டில் இரண்டு பேரும் ஆளுக்கொரு சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம்.

அந்தச் சமயத்தில்தான் மண்டிக்காரர் குடும்பம் சென்னைக்கு வீடு மாறியது. சாமான் ஏற்றிக்கொடுக்கப் போன அப்பா, அவர்கள் வேண்டாம் என்று ஒதுக்கிய ஒரு பெட்டியைச் சாக்கில் சுற்றி நனையாமல் கொண்டுவந்தார். அதுதான் டிவி கேம். இரண்டு ‘கன்ட்ரோல்’, ஒரு மஞ்சள் கேசட்டு. கேசட்டின் மேல் ஆகாய விமானமும் சிவப்புக் காரும் படமாகப் போட்டிருந்தது. உள்ளே விமானமும் இல்லை, காரும் இல்லை. எங்கள் டிவி கருப்பு வெள்ளை. குமிழைத் திருகிக்கொண்டே போனால், கொட்டும் புள்ளிகளுக்கு நடுவில் ஓரிடத்தில் படம் நிற்கும். நின்றதும் கையை மெதுவாக எடுக்க வேண்டும். எடுக்கிற வேகத்தில் படம் ஓடிவிடும்.

ஆட்டங்களின் பெயர்கள் ஆங்கிலத்தில் இருந்தன. எங்கள் இருவருக்கும் ஆங்கிலம் தெரியாது. ஆகவே பெயரை நாங்களே வைத்தோம். செங்கல்லை உடைப்பது ‘கொத்தனார்’. ஓடிக்கொண்டே இருப்பது ‘ரயிலை உட்டவன்’. கடைசியாக இருந்த ஆட்டம்தான் ‘மல்லாட்டை’. மாடி மாடியாகத் தளங்கள், நடுவில் ஏணிகள், தளங்களில் சின்னச் சின்னக் குவியல்கள். இரண்டு ஆட்கள் ஓடி ஓடி அந்தக் குவியல்களை அள்ள வேண்டும். தொப்பி போட்ட சிலர் துரத்துவார்கள். படத்தைப் பார்த்ததும் அப்பாவே சொன்னார்:

“இது நம்ம மண்டிதான்டா. அதோ பார், குமிச்சி வெச்சிக்கீறது மல்லாட்டை. தொரத்திக்கினு வர்றது வாட்ச்மேனு.”

நான் சிரித்தேன். அப்பா சொல்லி நான் சிரித்தது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன். அவருடைய ஆளின் தலையிலிருந்து முதுகு வரைக்கும் ஒன்று தொங்கிக்கொண்டிருந்தது. மூட்டை தூக்குகிறவர்கள் தலையில் மாட்டிக்கொள்ளும் சாக்குக் கொங்காணி அது என்று அவர் சொன்னார். எனக்கும் அப்படித்தான் தெரிந்தது.

மூட்டையும் கொக்கியும் பிடித்துக் காய்த்துப்போன கை அவருடையது. கட்டைவிரல் ஒன்றே கன்ட்ரோலில் பாதியை மூடிவிடும். குதிக்க ஒரு பட்டன், கல் எறிய ஒரு பட்டன். அப்பா எதை அழுத்தினாலும் இரண்டும் சேர்ந்தே அழுந்தும். அவருடைய ஆள் குதிக்காமல் கல் எறிந்ததே கிடையாது. கல்லெல்லாம் மேல் தளத்துக்குத்தான் போகும், காலடியில் வருகிறவன் தப்பித்துக்கொள்வான். கொஞ்ச நாள் தோற்றுப் பார்த்துவிட்டு அப்பா ஒரு ஏற்பாடு சொன்னார்:

“மேல வர்றவன நான் பாத்துக்கறேன். கீழ வர்றவன் உன்னுது.”

அதற்குப் பிறகு நாங்கள் தோற்பது குறைந்தது. நான் ஏணியடியில் எந்தப் பக்கம் போவது என்று தயங்கி நின்றால், “முதுகுல ஏத்தற வரைக்கும்தான்டா யோசன. ஏத்திட்டா நடக்கணும்” என்பார். ஒரு நாள் முழுக்க அவர் பேசுகிற பேச்சைவிட அதிகமாக ஒரு ஆட்டத்தில் பேசினார். அம்மா அடுப்படியில் இருந்தபடியே வைவாள்.

“மழ எப்ப உடும்னு ஊரே கேக்குது. இங்க அப்பனும் புள்ளையும் பொட்டி முன்னாடி குந்திக்கினு மல்லாட்டை பொறுக்கறீங்க. பொறுக்கனதுல ஒரு படி குடுங்க, அவிச்சாவது வெக்கறேன்.”

“அவிக்க முடியாதுடி, எல்லாம் வாட்ச்மேன் எண்ணி வெச்சிக்கினுகீறான்” என்று அப்பா பதில் சொன்னார். அம்மா கரண்டியோடு வெளியே வந்து அவர் முகத்தை ஒரு முறை பார்த்துவிட்டுப் போனாள். அவளுக்கே அது புதிதாக இருந்திருக்க வேண்டும்.

மழை விடக்கூடாது என்று ஊரில் வேண்டிக்கொண்டவன் நான் ஒருவனாகத்தான் இருப்பேன். ஆனால் விட்டது. வெயில் அடித்தது, மண்டி வாசலில் லாரிகள் நின்றன, அப்பா கொக்கியை எடுத்துக்கொண்டு போனார். நானும் தட்டு கழுவப் போனேன். டிவி கேம் ஒரு கோடையில் வோல்டேஜ் ஏறிப் புகைந்து போனது. அப்பா அதை முகர்ந்து பார்த்துவிட்டுப் பழைய சாக்கிலேயே சுற்றி வைத்தார். பிறகு வந்த எந்த மழைக்காலத்திலும் எங்களுக்குப் பேச விஷயம் இருக்கவில்லை.

நான் தட்டு கழுவி, மாவு பிசைந்து, பரோட்டா மாஸ்டர் ஆனேன். கொஞ்ச காலம் விக்கிரவாண்டியில், லாரிகள் நிற்கிற ஓட்டலில் கல்லின் முன்னால் நின்றேன். கல்யாணத்துக்குப் பிறகு திண்டிவனத்தில் வேலை கிடைத்து, அப்பா அம்மாவையும் அங்கேயே கூட்டிக்கொண்டு வந்தேன். ஒரே வீட்டில் இருந்தாலும் நாங்கள் “சாப்ட்டியா”, “வர்றேன்” என்பதற்கு மேல் போனதில்லை. நேரம் வரும்போது பேசிக்கொள்ளலாம் என்று நான் தள்ளிப் போட்டுக்கொண்டே இருந்தேன்.

2014-இல் அவருக்கு வாதம் வந்தது. வலது கையும் வலது காலும் விழுந்துவிட்டன, வாய் கோணிக்கொண்டது, பேச்சு நின்றது. பெரியாஸ்பத்திரியில், விரல்களை இப்போதே அசைக்கப் பழக்காவிட்டால் கை அப்படியே மடங்கி நின்றுவிடும் என்று சொல்லி ஒரு ரப்பர் பந்தைக் கொடுத்தார்கள். அப்பா அதை இடது கையால் எடுத்து வாசலில் எறிந்தார். நான் எடுத்து வந்தேன், மறுபடி எறிந்தார். அம்மா சோறு ஊட்டும்போது மட்டும் கண்ணை மூடிக்கொள்வார். மூட்டை தூக்கிய மனிதருக்கு ஒரு கவளத்தை மற்றவர் தூக்கி வாயில் வைப்பது எப்படி இருந்திருக்கும் என்று என்னால் நினைக்கவே முடியவில்லை. மற்ற நேரமெல்லாம் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தார்.

அசையாமல் கிடந்த அந்தக் கட்டைவிரலைப் பார்க்கும்போதுதான் எனக்கு அந்த ஆட்டம் ஞாபகம் வந்தது.

திண்டிவனத்தில் பழைய கம்ப்யூட்டர் வாங்கி விற்கிற கடை ஒன்று இருந்தது. கடைக்காரரை எல்லோரும் பாய் என்றே கூப்பிடுவோம். எங்கள் ஓட்டலில் பார்சல் வாங்குகிறவர். அவரிடம் கேட்க நான் இரண்டு தடவை போய், கடை வாசலில் நின்றுவிட்டுத் திரும்பி வந்தேன். மூன்றாம் தடவை அவரே கூப்பிட்டார்.

“இன்னா மாஸ்டர், வந்து வந்து போற? உள்ள வா.”

“பாய், பழைய டிவி கேம் இப்ப எங்கனா கெடைக்குமா?”

“அந்தப் பொட்டி எதுக்கு? கம்ப்யூட்டர்லயே ஆடலாம். எமுலேட்டர்னு ஒண்ணு கீது. அத போட்டா இந்தக் கம்ப்யூட்டரு அந்தப் பழைய பொட்டி மாதிரியே நடிக்கும். கேசட்டுல இருந்ததெல்லாம் இப்ப ஃபைலா கெடைக்குது. இன்னா கேம் வேணும், பேர் சொல்லு.”

எனக்குத் தெரிந்த பெயரைச் சொன்னேன்.

“மல்லாட்டை.”

பாய் மவுஸிலிருந்து கையை எடுத்தார். “மல்லாட்டை கேமா? ஏம்பா, கேப்பை கேம் வேணாமா? கம்பு, சோளம்?” என்று கேட்டுவிட்டு, தொடையில் தட்டிக்கொண்டு சிரித்தார். நான் எழுந்துவிட்டேன். என் முகத்தைப் பார்த்து அவர் சிரிப்பை நிறுத்தினார். அப்பாவைப் பற்றிச் சொன்னேன். அவர் பக்கத்து ஸ்டூலைக் காலால் என் பக்கம் தள்ளினார்.

எமுலேட்டரைப் போட்டதும் ஆட்டங்களின் பட்டியல் ஒன்று வந்தது. உருட்ட உருட்டத் தீரவில்லை, எல்லாம் ஆங்கிலம். பெயரை வைத்துத் தேட வழியில்லாததால் ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்தோம். ஓட்டலில் என் வேலை சாயங்காலம்தான் தொடங்கும். அதனால் காலையில் கடை திறந்ததும் போய் உட்கார்ந்துவிடுவேன். பாய் திறப்பார், நான் தலையாட்டுவேன், மூடுவார். “பேஜாரு பண்றியேப்பா, ஜல்தியா பார்த்துச் சொல்லு” என்று அலுத்துக்கொள்வார். அடுத்ததைத் திறக்காமல் மட்டும் இருக்க மாட்டார். ‘கொத்தனார்’ கிடைத்தது, ‘ரயிலை உட்டவன்’ கிடைத்தது. ‘மல்லாட்டை’ கிடைக்கவில்லை. பட்டியல் முடிந்து, மறுபடி மேலிருந்து தொடங்கினோம்.

இரண்டாம் சுற்றில்தான் பிடிபட்டது. முதல் சுற்றில் அதைத் திறந்து, பார்த்து, இல்லை என்று நானே மூடச் சொல்லியிருக்கிறேன். இந்தத் தடவை மூன்றாம் தளத்தில் பாதியில் முறிந்து நின்ற ஏணியைப் பார்த்ததும் “இருங்க பாய்” என்று அவர் கையைப் பிடித்துவிட்டேன். அதே தளங்கள், அதே ஏணிகள். ஆனால் எல்லாம் கலர். நாங்கள் அள்ளிய குவியல் மல்லாட்டை இல்லை, ஊதா நிறத்தில் ஏதோ வைரக் கற்கள். துரத்தியவர்கள் வாட்ச்மேன்கள் இல்லை, ரோஸ் நிறக் கரடிகள். தொப்பி என்று நினைத்தது தலையில் வைத்த பூ. அப்பாவின் ஆள் ஆணே இல்லை. முதுகில் தொங்கியது கொங்காணி இல்லை, மஞ்சள் கூந்தல்.

“அப்ப உங்கப்பாரு மழைக்காலம் பூரா பொம்பள வேஷம் கட்டிக்கினு ஓடியிருக்காரு” என்றார் பாய். நானும் சிரித்தேன். சிரித்தாலும் உள்ளே என்னவோ பறிபோனது போல இருந்தது.

மூடிப்போன ஒரு பிரவுசிங் சென்டரிலிருந்து வந்த கம்ப்யூட்டர் ஒன்றையும் இரண்டு ஜாய்ஸ்டிக்கையும் பாய் வீட்டுக்கே கொண்டுவந்து மாட்டிக்கொடுத்தார். அப்பாவின் கட்டிலுக்கு எதிரே ஸ்டூல் போட்டு வைத்தோம். “அப்பா, இத பாருங்க” என்றேன். திரும்பினார். ஊதாவும் ரோஸும் மஞ்சளும் மின்னியதைப் பார்த்தார். குழந்தைகள் பார்க்கிற கார்ட்டூன் என்று நினைத்தாரோ, தன்னையே குழந்தையாக்குகிறோம் என்று நினைத்தாரோ, தெரியவில்லை. நான் அவர் மடியில் வைத்த ஜாய்ஸ்டிக்கை இடது கையால் தள்ளிவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். அம்மா என்னைப் பார்த்து, “உட்டுடுப்பா” என்றாள். அவ்வளவு மெதுவாக அவள் பேசி நான் கேட்டதில்லை.

அன்று பரோட்டா வீசும்போதெல்லாம் அந்த ரோஸ் கரடிகள்தான் கண்ணுக்குள் வந்தன. எதை மறந்து எதை மட்டும் கொண்டுபோயிருக்கிறேன் என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. மறுநாள் காலையில் பாய் கடைக்கு ஓடினேன்.

“பாய், அத கருப்பு வெள்ளையா மாத்த முடியுமா?”

“ஊரே கலருக்குப் போயி எவ்ளோ வருசம் ஆச்சு. நீ ஒருத்தன்தாம்பா திரும்பி வந்து நிக்கற” என்று சொல்லிக்கொண்டே செருப்பை மாட்டினார். வீட்டுக்கு வந்து எமுலேட்டரில் எங்கெங்கேயோ தேடி எதையோ மாற்றினார். நிறம் போனது. “இன்னும் கொஞ்சம் மங்கலா, பாய்” என்றேன். மங்கலாக்கினார். இரண்டு ஓரத்திலும் படம் லேசாக வளைந்து நின்றது. அவ்வளவுதான். கூந்தல் மறுபடி கொங்காணி ஆனது, கரடிகள் தொப்பியை மாட்டிக்கொண்டன, தளம் தளமாக மல்லாட்டை குவிந்தது. பாய் எழுந்து சத்தம் போடாமல் வெளியே போய்விட்டார்.

நான் அப்பாவைக் கூப்பிடவில்லை. என் ஆளை மட்டும் ஓட்டிக்கொண்டிருந்தேன். ஆட்டத்தின் பாட்டு கேட்டு அவர் தலை மெல்லத் திரும்பியது. நான் பார்க்காத மாதிரி ஓட்டினேன். அவருடைய ஆள் ஓரமாகச் சும்மா நின்றிருந்தது. வாட்ச்மேன் ஒருவன் அதை நோக்கி வந்துகொண்டிருந்தான். பின்னாலிருந்து ஒரு சத்தம் வந்தது, தொண்டையைச் செருமுவது போல. மறுபடி வந்தது. “மல்…” என்றார். பிறகு எச்சிலை விழுங்கிக்கொண்டு, “மல்லாட்ட” என்றார்.

அம்மா அடுப்படியிலிருந்து வந்து கதவருகில் நின்றாள்.

அவரை நிமிர்த்தி உட்காரவைத்து, ஜாய்ஸ்டிக்கை மடியில் வைத்து, விழுந்துபோன வலது கட்டைவிரலை எடுத்துப் பட்டன்களின் மேல் வைத்தேன். விரல் கிடந்தது. அப்பா அதையே முறைத்துக்கொண்டிருந்தார்; நெற்றியில் வியர்த்தது. வாட்ச்மேன் அவர் ஆளைத் தொட்டுவிட்டான், ஆள் செத்து மறுபடி வந்தது. இன்னொரு தடவை தொட்டான். மூன்றாவதாக ஒருவன் மேல் ஏணியில் இறங்கியபோது அந்த விரல் அப்படியே மொத்தமாகச் சரிந்து அழுந்தியது. இரண்டு பட்டனும் சேர்ந்துதான் அழுந்தியது. அவருடைய ஆள் குதித்துக்கொண்டே கல் எறிந்தது.

“கீழ” என்றார் அப்பா, கோணிய வாயால். “கீழ…”

“என்னுதுப்பா, நான் பாத்துக்கறேன்” என்றேன். கண்ணீர் மறைத்ததால் கீழே வந்தவன் எங்கே இருக்கிறான் என்றே எனக்குத் தெரியவில்லை. அந்த ஆட்டத்தில் தோற்றோம்.

அப்புறம் தினமும் காலையில் ஆடினோம். விரல் வந்தது, பிறகு மணிக்கட்டு வந்தது. பேச்சு முழுசாக வரவில்லை. ஆட்டத்துக்கு வேண்டிய அளவு வந்தது. ஒரு நாள் மத்தியானம் அம்மா ஊட்ட வந்த கையை அப்பா ஒதுக்கிவிட்டு, தட்டைத் தன் பக்கம் இழுத்து, நடுங்கிக்கொண்டே பிசைந்து, பாதி கட்டிலில் விரித்த பாயிலும் பாதி வாயிலுமாகச் சாப்பிட்டார். “சரி, இனிமே பாயை வேற நான்தான் கழுவணும்” என்று அம்மா சொன்னாள். சொல்லிவிட்டு முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். அதற்குப் பிறகு இரண்டு மழைக்காலம் அவர் எங்களோடு இருந்தார். கடைசி வரைக்கும் தன் சோற்றைத் தன் கையால்தான் சாப்பிட்டார்.

இப்போது பாயின் கடை செல்போன் கடையாகிவிட்டது. என் வீட்டுக் கம்ப்யூட்டர் கிளம்ப மறுக்கிறது. அதைப் பழுது பார்க்கிற ஆள் திண்டிவனத்தில் இல்லை, புதிதாக வாங்கச் சொல்கிறார்கள். ஆட்டம் போனில் கிடைக்கும் என்று மகள் ஒரு நாள் தேடித் தந்தாள். அவள் ஒரு மூலையில், நான் ஒரு மூலையில், ஆளுக்கொரு போனில் ஆடினோம். நன்றாகத்தான் இருந்தது. ஆனால் எனக்குச் சரியாக உட்காரவே தெரியவில்லை.

ஏன் என்று யோசித்தபோதுதான், இவ்வளவு எழுதியும் ஒன்றைச் சொல்லாமல் விட்டது தெரிந்தது. அந்தப் பழைய டிவி கேமின் ஒயர் ரொம்பக் குட்டை. கன்ட்ரோலை இழுத்தால் பெட்டியே கீழே வந்துவிடும். அதனால் இரண்டு பேரும் டிவிக்கு அடியிலேயே, தோள் இடிக்க, முட்டி இடிக்க உட்கார வேண்டும். அப்பா என்னை மடியில் வைத்துக் கொஞ்சியது எனக்கு ஞாபகமில்லை, தோளில் கை போட்டதும் இல்லை. அந்த ஒயர் இன்னும் ஒரு முழம் நீளமாக இருந்திருந்தால் அவரும் கூச்சப்பட்டு ஒரு முழம் தள்ளித்தான் உட்கார்ந்திருப்பார், நானும் அப்படித்தான்.

திண்டிவனம்,
2018, கார்த்திகை 16, ஞாயிற்றுக்கிழமை. வெளியே மழை.